அப்பா பார்த்த ரோமாபுரிப் படம்

ஆகஸ்ட் 9, சனிக்கிழமை

மாட்டுங்கா ஃபிலிம் கிளப்பில் இன்று என் உரை. தலைப்பு, இத்தாலியில் வயது வந்தோருக்காக எடுத்த கேலிப்படங்களின் வரலாறு. வீட்டில் "இத்தாலிய சினிமா" என்று மட்டும்தான் சொல்லியிருந்தேன். பேச எழுந்தால், மூன்றாவது வரிசையில் அப்பா! பக்கத்தில் அவருடைய பழைய ஆபீஸ் நண்பர் மணி மாமா.

ஆனாலும் எதையும் விடாமல் பேசினேன். அங்கே ஒரு வீரசாகசப் படம் நன்றாக ஓடினால் போதும், கொஞ்ச நாளிலேயே அதே சாயலில் பெயர் வைத்து, அதே அரண்மனை செட்டில், ஆடை குறைந்த கேலிப்படம் ஒன்று வந்துவிடும் என்றேன். அப்பா இருந்த பக்கம் மட்டும் திரும்பவே இல்லை.

கேள்வி நேரத்தில் முதலில் எழுந்தவர் அவர்தான்.

"அந்தப் பேரை நம்பித்தான் நாங்க ரெண்டு பேரும் ஏமாந்தோம். ரோமாபுரி சண்டைப் படம்னு நினைச்சுண்டு காலைக் காட்சிக்குப் போனோம். ஒரு கத்தியைக்கூடக் காணோம்!"

அரங்கமே சிரித்தது. மணி மாமா குனிந்து செருப்பைத் தேடினார்.

"பாதியில எழுந்து வந்துட்டியாப்பா?" என்று கேட்டேன். நான் அவர் பெண் என்று தெரிந்ததும் சிரிப்பு இரண்டு மடங்கானது.

"எப்படிம்மா வர்றது? வெளியில பாம்பே மழை. கடைசி வரைக்கும் உக்காந்திருந்தோம்."

எனக்கு இருந்த பயமெல்லாம் அங்கேயே போய்விட்டது.

வீட்டுக்கு வந்ததும் அம்மா அப்பாவிடம், "என்ன பேசினா?" என்று கேட்டாள்.

"ரோமாபுரி சரித்திரம். நன்னாப் பேசினா."

"அப்போ நானும் வந்திருக்கலாமே," என்றாள் அம்மா. நானும் அப்பாவும் ஒரே சமயத்தில் தண்ணீர் குடிக்கப் போனோம்.