காருக்குப் போட்ட வளையல்

செவ்வாய்க்கிழமை டயர் கடையில் நம் வண்டியின் முன்சக்கரத்தைக் கழற்றியபோது, உள்ளே ஒட்டிக் கிடந்த அலுமினிய வளையம் ஒன்று தெறித்து விழுந்து, சிமெண்டுத் தரையில் உருண்டு, என் செருப்பில் முட்டி நின்றது. குனிந்து எடுத்தேன். ஓரமெல்லாம் வெள்ளையாகப் பூத்துப்போய் பிரேக் தூசி படிந்திருந்தது. முகர்ந்து பார்த்தால் ரப்பரும் கிரீஸும் கலந்த வாடை. பழைய வாஷர் என்று நினைத்துக் கடைக்காரர் குப்பையில் போடக் கை நீட்டினார். நான் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன். எட்டு வருஷத்துக்கு முன்னால் லேத் பட்டறையில் நின்று நீ கையில் மாட்டிப் பார்த்தாயே, அந்த நாலில் ஒன்று அது.

நீ போய் இரண்டு வருஷம் ஆகிறது. உனக்குத் தெரியாத சேதி நிறைய இருக்கிறது. முதல் சேதி, மகளுக்குப் பெண் குழந்தை பிறந்து நாலு மாதம். பிரசவம் மதுரையில் அவள் மாமியார் வீட்டிலேயே நடந்தது. இங்கே பார்த்துக்கொள்ள நீ இல்லை, நான் வெந்நீர் வைத்தாலே அடிப்பிடிக்கும் என்று அவளுக்குத் தெரியும். குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஒரு மாதம் நம் வீட்டில் வந்து இருக்கிறேன் என்று அவள் சொன்ன நாளிலிருந்து, அவர்களை நம் வண்டியில்தான் அழைத்து வர வேண்டும் என்று எனக்கு ஒரே பிடிவாதம். வேறு எதற்கும் நான் இப்படி அடம் பிடித்ததில்லை.

ஆனால் போன மாதம் செம்பட்டி தாண்டி, மழைத்தண்ணீர் நின்ற குழி ஒன்றில் முன்சக்கரத்தை இறக்கிவிட்டேன். சக்கரம் நெளிந்துவிட்டது. தட்டி நிமிர்த்திக் கொடுத்தார்கள். நிமிர்த்திய இடத்தில் மயிரிழை போல ஒரு கீறல். அதோடு ஸ்டீயரிங்கில் ஒரு நடுக்கம். தடுப்பூசி போட மகளையும் குழந்தையையும் மதுரையில் ஆஸ்பத்திரிக்கு அழைத்துப்போனபோது அவள் கவனித்துவிட்டாள். மறுநாள் போனில் சொன்னாள்.

"அந்த வண்டில புள்ளைய ஏத்த மாட்டேன்ப்பா. வித்துருங்க. நாங்க வாடகைக் காரு பிடிச்சு வந்துர்றோம்."

அவள் சொன்னதில் தப்பே இல்லை. எனக்குத்தான் முகம் சுண்டிப்போனது. வாசலில் நின்ற வண்டியைப் போய்ப் பார்த்தேன். இடது பக்க முன் சீட்டில், உன் தோள் உரசி உரசி உறை ஒரு சாண் அகலத்துக்கு வெளுத்திருக்கிறது. அதை விற்பதற்கு எனக்கு மனசு வரவில்லை. சக்கரத்தைச் சரிசெய்வது, சரியாகவில்லை என்றால் மகள் சொன்னபடி விற்றுவிடுவது என்று எனக்கு நானே பத்து நாள் கெடு வைத்துக்கொண்டேன்.

அந்தச் சக்கரங்கள் வந்த கதை உனக்குத் தெரியாதா என்ன. அதில் அசடு நான்தான். ஆயுத பூஜைக்கு முந்தின நாள், உன்னிடம் சொல்லாமல் போய், ஓடிக்கொண்டிருந்த சக்கரங்களைக் கொடுத்துவிட்டு நாலு அலாய் வீல் மாட்டிக்கொண்டு வந்தேன். வண்டியின் இரும்புச் சக்கரத்தில் நாலு ஓட்டை, இதிலும் நாலு ஓட்டை. அது பதினாலு இஞ்சு, இதுவும் பதினாலு. நட்டு உள்ளே இறங்கியது. விற்றவரும் "அம்சமாப் பொருந்திருச்சு" என்றார். அதற்கு மேல் என்ன பார்க்க வேண்டும் என்று நினைத்தேன். ஒட்டன்சத்திரம் காய்கறிக் கமிஷன் மண்டியில் முப்பது வருஷம் எடை போட்டவன் நான். மூட்டையைத் தூக்கும்போதே கிலோ சொல்லிவிடுவேன். அளவு என்று ஒன்று தனியாக இருக்கிறது என்று எனக்குத் தெரியாது. அது உன் இலாகா.

சந்தனம் வைத்து, குங்குமம் வைத்து, சக்கரத்துக்கு ஒன்றாக எலுமிச்சம்பழம் நசுக்கி வெள்ளோட்டம் விட்டோம். தெருவே பார்த்தது. அடுத்த வாரம் பழனிக்குப் போகும்போது, ஊரைத் தாண்டி எண்பதைத் தொட்டதும் நீ பாதையைப் பார்க்காமல் உன் கையையே பார்த்துக்கொண்டு வந்தாய்.

"ஏங்க, வண்டி ஆடுது."

ரோடு அப்படி என்றேன்.

"ரோடு இல்லீங்க. நான் கையைச் சும்மாதான் மடியில வச்சிருக்கேன். வளையல் தானாச் சத்தம் போடுது."

காதைக் கொடுத்தேன். கண்ணாடி வளையல்கள் ஒன்றோடொன்று பொடிப்பொடியாக மோதிக்கொண்டிருந்தன. வேகத்தைக் குறைத்தால் அடங்கியது, கூட்டினால் மறுபடி கேட்டது. வீட்டுக்கு வந்து சொன்னதும், என் அக்கா அது திருஷ்டிதான் என்று தீர்ப்புச் சொல்லிவிட்டாள். தெருக்காரர்களின் கண் அம்புட்டும் அந்தப் பளபளப்பில்தான் விழுந்தது என்றாள். பூசணிக்காய் உடைத்தோம். பம்பரில் கறுப்புக் கயிறு கட்டினோம். மறுபடியும் நாலு எலுமிச்சம்பழம் வாங்க நான் பையை எடுத்தபோதுதான் நீ வாயைத் திறந்தாய். எண்பதில் போனால் மட்டும் வருகிற திருஷ்டி எங்கே இருக்கிறது, மெதுவாகப் போனால் யாரும் கண் வைக்க மாட்டார்களா என்று கேட்டாய். அக்கா உன்னோடு இரண்டு நாள் பேசவில்லை.

மறுநாள் கழுத்தில் தையல் டேப்பைப் போட்டுக்கொண்டே டயர் கடைக்கு வந்தாய். சக்கரத்தைக் கழற்றச் சொன்னாய். ஜாக்கெட் தைக்கிறவளுக்கு இங்கே என்ன வேலை என்று கடையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். நீ சேலையைச் சொருகிக்கொண்டு குத்துக்காலிட்டு உட்கார்ந்து, சக்கரம் போய் உட்காருகிற இடத்தில் நடுவே துருத்திக்கொண்டிருந்த வட்டத்தை அளந்தாய். ரெண்டே அரைக்கால் இஞ்சு. பிறகு புதுச் சக்கரத்தின் நடு ஓட்டையை அளந்தாய். அரை இஞ்சு கூடுதல். "நாலு பக்கம் ஊக்கு குத்தியிருக்கு, தோள் உட்காரல" என்றாய். சக்கரம் நடு வட்டத்தில் உட்காராமல் நாலு நட்டிலேயே தொங்கிக்கொண்டிருந்தது என்பது அப்போதுதான் எனக்கு விளங்கியது. சிரித்தவர்களும் வந்து எட்டிப் பார்த்தார்கள்.

வாங்கின கடைக்காரர் திரும்ப எடுத்துக்கொள்ள மாட்டேன் என்றுவிட்டார். தொளதொளவென்று ஆகிவிட்ட ஜாக்கெட்டுக்கு உள்பட்டி கொடுப்பது போல இதற்கும் ஒன்று கொடுக்கலாமே என்று சொன்னது நீதான். பூட்டுக்குப் பெயர்போன நம் ஊரில் லேத் பட்டறைக்கா பஞ்சம். இடைவெளியை அடைக்க அலுமினியத்தில் நாலு வளையம் கடைந்து கொடுத்தார்கள். சூடு ஆறாத ஒன்றை எடுத்து ஊதிவிட்டு, விளையாட்டுப்போல உன் கையில் மாட்டினாய். இடறாமல் ஏறி, மணிக்கட்டில் கச்சிதமாக நின்றது.

"இதுதாங்க என் அளவு. ரெண்டே அரைக்கால். வளையல் கடையில இதைத்தான் டூ டூன்னு சொல்லுவாங்க."

எனக்குத் திக்கென்றது. கல்யாணமான முதல் வருஷத்திலிருந்து மாசித் திருவிழாவுக்கு நான்தான் உனக்கு வளையல் வாங்கி வருவேன். கடைக்காரர் அளவு கேட்டால் யோசிக்காமல் டூ சிக்ஸ் என்பேன். யார் சொல்லி அந்த எண் என் வாயில் வந்ததோ தெரியாது. நீயும் ஒரு வார்த்தை சொல்லாமல் அதைப் போட்டுக்கொண்டு, கழன்று விழாமல் இருக்க முன்னால் இறுக்கமாக ஒரு ஜோடியைப் போட்டுக்கொள்வாய். அது ஏதோ அழகுக்கு என்று இருபத்திரண்டு வருஷம் நினைத்திருந்தேன்.

"அப்ப நான் வாங்கிட்டு வர்றது?"

"அது நீங்க வாங்குற அளவு." சொல்லிவிட்டுச் சிரித்தாய். "லொடலொடன்னு இருந்ததாலதான வண்டி ஆடுறது தெரிஞ்சுச்சு."

அந்த வளையங்களைப் போட்ட பிறகு வண்டி நடுங்கவே இல்லை. அந்த மாசிக்கு நான் டூ டூ கேட்டு வாங்கி வந்தேன். நீ அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "பரவால்லயே" என்றாய். எனக்கு அது போதுமாக இருந்தது.

இப்போது செவ்வாய்க்கிழமைக்கு வருகிறேன். நெளிந்த மாதிரியில் ஒற்றைச் சக்கரம் எங்கேயும் கிடைக்கவில்லை. அந்த அச்சே இப்போது வருவதில்லையாம். நாலையும் மாற்ற வேண்டும். சரி, இந்த முறை அசடு வழியக் கூடாது என்று உஷாராக, கழற்றிய சக்கரத்தையே ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு வீல் கடைக்குப் போனேன். கடைக்காரர் முதலில் பெரிய சைஸில் ஒன்றை எடுத்துக் காட்டினார். சக்கரம் வெளிப்பக்கமாகத் துருத்தி நிற்குமாம், அதுதான் இப்போது ஃபேஷனாம். பின் சீட்டில் மூன்று பேர் உட்கார்ந்தால் மட்கார்டில் உரசுமே என்றேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு உள்ளே போனார். வேறு ஒன்றை எடுத்து வந்து என் பழைய சக்கரத்தின் பக்கத்தில் வைத்து, ஓட்டைக்கு ஓட்டை, நடு ஓட்டைக்கு நடு ஓட்டை சரிபார்த்தார். எல்லாம் அச்சு அசலாக இருந்தது. பில் போடச் சொல்லக் குனிந்தேன். சட்டைப் பையிலிருந்த வளையம் நெஞ்சில் குத்தியது.

நம் வீட்டுக்குத் தைக்கக் கொடுக்க வருகிறவர்கள் எல்லோரும் அளவு ஜாக்கெட் என்று ஒரு பழையதைச் சுருட்டிக்கொண்டு வருவார்கள். நீ அதை வாங்கி ஓரமாக வைத்துவிட்டு டேப்பை எடுப்பாய். இந்த அளவுக்கே தைத்தால் போதும், நேரமாகிறது என்று அவர்கள் அவசரப்படுத்தினாலும் விடமாட்டாய். "அளவு ஜாக்கெட்டுல பழைய தப்பும் சேந்து வரும். செத்த நேரம் நில்லுங்க, உடம்புல எடுத்துக்கிறேன்" என்பாய். பக்கத்து அறையில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டு அதை எத்தனை தடவை கேட்டிருப்பேன். கடையில் என் கையில் இருந்தது அளவு ஜாக்கெட். நானே வாங்கிய பழைய தப்பைச் சுமந்துகொண்டு போய், அதே தப்பைப் புதிதாக வாங்க இருந்தேன். பில் வேண்டாம் என்று சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்துவிட்டேன்.

உன் தையல் மெஷின் டிராயரில் டேப் அப்படியே சுருண்டு கிடந்தது. முதல் நாலு இஞ்சுக்கு எண்கள் அழிந்துபோயிருக்கின்றன. டயர் கடைக்குத் திரும்பிப் போய், ஜாக்கியில் நின்ற வண்டியின் முன்னால் நீ உட்கார்ந்தது போலவே உட்கார்ந்தேன். முழங்கால் விட்டுப்போயிற்று. பத்தாவது இஞ்சிலிருந்து தொடங்கி அளந்து பத்தைக் கழித்தேன். ரெண்டே அரைக்கால். பிறகு டிக்கியைத் திறந்து ஸ்டெப்னியை வெளியே எடுத்தேன். வண்டியோடு வந்த இரும்புச் சக்கரம், நான் மாற்றாமல் விட்ட ஒரே ஒன்று. அதன் நடு ஓட்டையும் ரெண்டே அரைக்கால். எவ்வளவு உள்ளே தள்ளி உட்கார வேண்டும் என்ற கணக்குகூட அதன் முதுகிலேயே எண்ணாக அடித்திருக்கிறது. இத்தனை வருஷம் அது டிக்கியில் படுத்துக்கொண்டு என்னைப் பார்த்துச் சிரித்திருக்கிறது.

அதே அளவில் நாலு இரும்புச் சக்கரம் சொல்லி வைத்தேன். மூன்றாம் நாள் வந்தன. கறுப்பாக, ஒரு மினுமினுப்பும் இல்லாமல் இருந்தன. மாட்டும்போது டயர் கடைக்காரர் அடுத்த கேள்வியைப் போட்டார். அலாய்க்குப் போட்ட நட்டு இரும்புச் சக்கரத்தில் சரியாக அமராது, பழைய நட்டு இருக்கிறதா என்று. தலையைச் சொறிந்துகொண்டு வீட்டுக்கு வந்து பரண் முழுவதும் தேடினேன். கடைசியில் உன் பொத்தான் டப்பாவில் இருந்தன. ஊக்குகளுக்கும் உதிரிப் பொத்தான்களுக்கும் அடியில், துணியில் முடிந்து, பதினாறும். முடிச்சில் துணிச் சீட்டு ஒன்றைக் குத்தி, "காரு" என்று பேனாவால் எழுதியிருந்தாய். அந்த முடிச்சை அவிழ்க்க எனக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. அழுதேன் என்று சொல்வதில் என்ன வெட்கம்.

நட்டுகளை வரிசையாக இறுக்காமல் எதிரெதிராக இறுக்கச் சொல்லிப் பக்கத்திலேயே நின்றேன். தனியாக எண்பதில் ஓட்டிப் பார்த்தேன். ஸ்டீயரிங் சாதுவாக இருந்தது. புதுச் சக்கரம் தானாகவே பொருந்திவிட்டதால் வளையத்துக்கு இனி வேலை இல்லை. பையிலிருந்ததைக் கழுவித் துடைத்து கியர் கம்பியில் மாட்டிவைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை மதுரைக்குப் போனேன். மகள் வாசலுக்கு வந்து வண்டியை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தாள். "என்னப்பா, டாக்ஸி மாதிரி ஆக்கிட்டீங்க" என்றாள். ஓட்டிக் காட்டுகிறேன், பிடிக்கவில்லை என்றால் அடுத்த தெருவிலேயே இறங்கிக்கொள், வாடகைக் காருக்கு நானே சொல்கிறேன் என்றேன். குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு உன் சீட்டில் உட்கார்ந்தாள். கொஞ்ச தூரம் போனதும் கியர் கம்பியில் கிடந்ததைப் பார்த்து அது என்ன என்று கேட்டாள். லேத் பட்டறைக் கதையைச் சொன்னேன். கழற்றி, கண்ணாடி வளையல்களோடு தன் கையில் மாட்டிக்கொண்டாள். அவளுக்கும் அதே அளவு.

சின்னாளப்பட்டி நெருங்கும்போது வண்டி எண்பதில் போய்க்கொண்டிருந்தது. நான் ரோட்டைப் பார்த்துக்கொண்டு காதை அவள் கையிலேயே வைத்திருந்தேன். ஒரு கிணுக்கம் இல்லை. குழந்தை வாயைத் திறந்தபடி தூங்கியது.

"அப்பா, ஆடவே இல்லப்பா." பிறகு கொஞ்சம் கழித்து, "விக்க வேணாம்" என்றாள்.

வளையத்தை அவள் திருப்பித் தரவில்லை. நானும் கேட்கவில்லை. எனக்கு உன் டேப் இருக்கிறது. சட்டைப் பையில் அதை வைத்துக்கொண்டுதான் இப்போது கடைத்தெருவுக்குப் போகிறேன், கதவுக்குத் தாழ்ப்பாள் வாங்கினாலும் சரி. நேற்று உன் பேத்திக்கு முதல் வளையல் வாங்கக் கிளம்பியபோது, அவள் கையைப் பிடித்து டேப்பைச் சுற்றி அளந்துகொண்டேன். உதைத்தாள், சிரித்தாள், டேப்பின் நுனியை வாயில் வைத்துச் சப்பினாள். கடையில் அளவைச் சொல்லிக் கறுப்பு வளையல் ஒரு ஜோடி வாங்கினேன். அம்சமாக உட்கார்ந்திருக்கிறது.

அவளுக்கே இன்னொரு ஜோடியும் வாங்கினேன். அதை மட்டும் தெரிந்தேதான் கொஞ்சம் பெரிதாகக் கேட்டேன், லொடலொடவென்று இருக்கட்டும் என்று.