டாங்கிக் கப்பலில் படுத்திருந்த தம்பி

அப்பா,

நேற்று என் சின்ன மகள் பதுளை டவுனிலிருந்து ஒரு தாளை அச்செடுத்து வந்தாள். கப்பல் வேலையை விட்டபோது உங்களுக்குத் தந்த டிஸ்சார்ஜ் பத்திரத்தில் இருந்த கப்பல் இலக்கத்தைக் கணினியில் தேடியிருக்கிறாள். நீங்கள் எஞ்சின் அறையில் எண்ணெய் போட்டுக்கொண்டிருந்த அந்த டாங்கிக் கப்பலின் வரலாறு ஒரே பக்கத்தில் அடங்கிவிட்டது. எங்கே கட்டினார்கள், எந்தக் கரைகளில் மூக்கை மணலில் ஏற்றி முன்கதவைத் திறந்து டாங்கிகளை இறக்கினார்கள், எப்போது பழைய இரும்புக்கு உடைத்தார்கள் என்று எல்லாம் இருக்கிறது. யுத்தம் முடிந்த பிறகு என்ற இடத்தில் மட்டும் ஒரே வரி: பயணிகளை ஏற்றிச் சென்றது.

அந்தப் பயணிகள் யார் என்று நீங்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். சயாமில் ரயில் பாதை போட ஜப்பான்காரர்கள் பிடித்துக்கொண்டு போய், யுத்தம் முடிந்து ஊர் திரும்பிக்கொண்டிருந்த மலாயாத் தோட்டத்துத் தமிழர்கள். டாங்கிகள் நின்ற இரும்புத் தளத்தில் வரிசையாகப் படுத்துக் கிடந்தார்கள். கப்பல் ஆட்களில் தமிழ் தெரிந்தவர் நீங்கள் ஒருவர்தான். வேலை முடிந்ததும் அவர்களிடம் இறங்கிப் போவீர்கள். எலும்பும் தோலுமாக இருந்த ஒருவர் உங்கள் கையைப் பிடித்தார்.

“நீங்க எந்தத் தோட்டம்?”

“சிலோன்ங்க. பதுளைப் பக்கம், ஸ்பிரிங்வெளி.”

“எங்க அண்ணன் நமுனுகுலயில இருக்காரு. பார்த்தா, நான் உசுரோட இருக்கேன்னு மட்டும் சொல்லுங்க.”

மறுநாள் அவருக்குக் காய்ச்சல் ஏறியது. அதற்கடுத்த நாள் சாக்கில் சுற்றிக் கடலில் இறக்கினார்கள்.

ஊர் திரும்பிய வாரமே நமுனுகுலவுக்கு ஏறிப்போய் அந்த அண்ணனைத் தேடிப் பிடித்தீர்கள். லயத்து வீட்டு வாசலில் நின்று, ஒப்படைத்த சொல்லை அப்படியே சொன்னீர்கள். அவர் உங்கள் கையை விடாமல் அழுதார். மிச்சத்தைச் சொல்ல உங்களுக்கு வாய் வரவில்லை.

அதன்பின் வருடா வருடம் அவர் வந்துகொண்டே இருந்தார். “தம்பிகிட்டருந்து ஏதாச்சும் சேதி வந்துச்சா?” என்பார். அவர் பாதையில் ஏறி வருவது தெரிந்தால் நீங்கள் எங்கள் காம்பிரா அறைக்குள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொள்வீர்கள். எனக்கு எட்டு வயதானதிலிருந்து அவருக்குப் பதில் சொல்வது என் வேலை. “அப்பா இல்லைங்க” என்று நான்தான் சொல்வேன். சாத்தியிருந்த கதவை அவர் கொஞ்ச நேரம் பார்ப்பார். பிறகு அம்மா தரும் தேத்தண்ணீரைக் குடித்துவிட்டு இறங்கிப் போவார்.

நான் டீச்சரான வருடம், அவர் படுத்த படுக்கையாகிவிட்டார் என்று தெரியவந்தது. “புள்ள, என்கூட வா” என்றீர்கள். போனதும் அவர் கட்டிலோரம் உட்கார்ந்தீர்கள்.

“அண்ணே, உங்க தம்பி கப்பல்லயே போயிட்டாரு. நான் மறைச்சிட்டேன்.”

“தெரியும் தம்பி. மொத நாளே உங்க மொகத்துல தெரிஞ்சிச்சு.”

“அப்புறம் ஏண்ணே வந்துக்கிட்டே இருந்தீங்க?”

“அவனக் கடைசியா பார்த்த ஆளு நீங்கதானே. வேற யாருகிட்ட போயி அவனப் பத்திப் பேசுறது?”

நான் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டேன். ஒவ்வொரு தடவையும் அவரைத் திருப்பி அனுப்பியது என் குரல்தானே.

அவர் மெதுவாகக் கேட்டார். “கடைசியா ஏதாச்சும் சாப்பிட்டானா?”

“என் கையால கஞ்சி குடிச்சாருண்ணே. போதும்னு சொல்லிட்டுத்தான் கண்ண மூடுனாரு.”

அவர் தலையை ஆட்டினார். அந்த மாதமே போய்விட்டார்.

அன்று பஸ்ஸில் பதுளைக்குத் திரும்பினோம். இறங்குவதற்கு முன் என் பக்கம் குனிந்தீர்கள்.

“அவரு கஞ்சி குடிக்கல, புள்ள. நான் வேல முடிஞ்சு எறங்குறப்ப மொகத்த மூடியிருந்தாங்க. இத யாருகிட்டயும் சொல்லிறாத.”

நான் யாரிடமும் சொல்லவில்லை அப்பா. அண்ணனும் இல்லை, நீங்களும் இல்லை. இனி யாரிடமிருந்து மறைப்பது என்றும் தெரியவில்லை. சில காலைகளில் கஞ்சியை ஆற்றி வாயருகே கொண்டுபோனதும், நான் பார்த்தேயிராத அந்தத் தம்பியின் மூடிய முகம் எதிரே வந்து நிற்கிறது. குடிக்க முடியாமல் குவளையைக் கீழே வைத்துவிடுகிறேன்.