துவைத்த சட்டை

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. உன் நலமும் மாப்பிள்ளை நலமும் அறிய ஆசை. இங்கே நலம் என்று எழுதக் கை வரவில்லை. போனில் பேசினால் யார் காதுக்குப் போகுமோ என்ற பயத்தில்தான் கடிதம்.

உன் தம்பி காவல் நிலையத்தில் செத்த பிறகு நம் கடைக்குச் சலவைத் துணி வருவது நின்றேவிட்டது. சாயப்பட்டறைத் தண்ணீரை ஆற்றில் விடாதே என்று இந்தத் தெருவுக்காகத்தானே அவன் தொண்டை கிழியக் கத்தினான்? இப்போது தெருவே என்னைக் கண்டால் தரையைப் பார்த்து நடக்கிறது. எதிர்க்கடைக்காரர் மட்டும், "தப்பா நினைக்காதீங்கண்ணே, நான் புள்ளகுட்டிக்காரன்" என்று சொல்லிவிட்டு ஷட்டரை இறக்கினார். அவராவது வாயைத் திறந்தாரே.

அம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவன் சட்டையைப் போலீஸ்காரர்கள் பையில் போட்டுக் கொடுத்துவிட்டுப் போனபோது நான் வீட்டில் இல்லை. ரத்தக் கறை படிந்த துணிக்கு நம் வீட்டில் என்ன செய்வோம்? உப்புத் தண்ணீரில் ஊறவைத்து, கசக்கி, காயவைத்து, இஸ்திரியும் போட்டுவிட்டாள். "எம்புள்ள அழுக்குச் சட்டையோட எங்கயும் போனதில்லீங்க" என்றாள். அவனை அடித்ததற்கு அந்தக் கறைதான் சாட்சியாம். நம் வழக்கை எடுத்திருக்கும் வக்கீலம்மா தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார். நாலு வார்த்தை திட்டியிருந்தால்கூடத் தேவலை. அன்றிலிருந்து அம்மா துவைக்கும் கல் பக்கமே வருவதில்லை. என்னோடும் பேச்சில்லை. ஒரே வீட்டில் ஆளுக்கொரு மூலையில் கிடக்கிறோம்.

வரும்போதே அவனுக்கு உடம்பு முடியவில்லை என்று போலீஸ்காரர்கள் சாதிக்கிறார்கள். நிலையத்து வாசலில் நின்று உனக்குத்தானே போன் செய்தான்? "சும்மா விசாரிக்கக் கூப்பிட்டிருக்காங்கக்கா, டீ வாங்கிக் குடுத்தா குடிச்சிட்டு வரேன்" என்று சிரித்ததாகச் சொன்னாயே. இனி அந்த ஒரு பேச்சுதான் மிச்சம், நீ நேரில் வந்து கோர்ட்டில் சொல்ல வேண்டும் என்கிறார் வக்கீலம்மா.

உன் விலாசம் கேட்டார். தேடித் தருகிறேன் என்று சொல்லியிருக்கிறேன். எனக்கு அது மனப்பாடம். கொடுக்கத்தான் பயமாக இருக்கிறது. அவனுக்கு நியாயம் வேண்டும், கண்ணு. நீயும் எனக்கு வேண்டும்.

வருவதானால் முன்னாலேயே சொல், பஸ் நிற்கும் இடத்தில் நான் இருப்பேன். தனியாக இறங்கி நடக்காதே. வர முடியாது என்றாலும் ஒரு வரி போடு, ஏன் என்று கேட்க மாட்டேன்.

நூறு வயது இரு என்று எப்போதும் ஆசீர்வாதம்தான் எழுதுவேன். இந்தத் தடவை கெஞ்சிக் கேட்கிறேன்.

உன் அப்பா