மணியன் யாரென்று தெரியாது

குண்டடம்
28-6-67

மாமா அவர்களுக்குச் சாரதாமணி எழுதுவது. நானும் பாப்பாவும் இருக்கிறோம். மழை இன்னும் இறங்கவில்லை. நீங்கள் சுகமா என்று கேட்கத்தான் உட்கார்ந்தேன்; கேட்க வேண்டியது வேறாக இருக்கிறது.

போன வியாழக்கிழமை இரண்டு பேர் மாடு விலைக்குக் கேட்டு வந்தார்கள். இருவர் கண்ணும் மாட்டின் மேல் இல்லை. "ஏனுங்க அம்மிணி, உங்கூட்டுக்காரருக்கு எங்கீங்க வேலை?" என்றார்கள். திருப்பூரில் மணியன் என்று யாரையாவது தெரியுமா என்றும் கேட்டார்கள். போலீஸ் உடுப்பில் நீங்கள் நிற்கும் படம் மாட்டியிருந்த இடத்தில் சுவர் வெளுப்பாகத் தெரிந்தது. ஒருவன் அதையே பார்த்துக்கொண்டிருந்தான். "மணியனும் தெரியாது, ஒருத்தனும் தெரியாதுங்க. எங்கூட்டுக்காரன் எவளையோ இழுத்துட்டு ஓடிட்டானுங்க. படத்தை அடுப்புல போட்டுட்டனுங்க" என்று சொல்லி அழுதேன். நம்பிப் போனார்கள். அழுகை மட்டும் நிஜம்.

படம் நெற்பானைக்குள் இருக்கிறது. அவர்கள் வருவதற்கு முன்பே நான்தான் கழற்றினேன்.

சித்திரையில் நான் அவிநாசித் தேருக்குப் போனபோது உங்களைப் பார்த்தேன். சாயபு கடையில் யாரும் வாங்கக் கூடாது, அவர்களை ஊரைவிட்டே விரட்ட வேண்டும் என்று ஒருவன் பெஞ்சின் மேல் ஏறிப் பேசினான். முதலில் கைதட்டியவர் நீங்கள். "மணியா" என்று கூப்பிட்டார்கள். நாச்சிமுத்து என்று பேருள்ள நீங்கள் திரும்பினீர்கள். என்னைத் தெரியாதவர் போல் பார்த்தீர்கள். ஸ்பெஷல் டூட்டி என்று நீங்கள் சொன்னது இதுதான், அந்தக் கும்பலுக்குள் ஆளாக நுழைந்து வேவு பார்க்கிறீர்கள் என்று அப்போதே புரிந்தது. பயந்தேன். பெருமையும் பட்டேன்.

வைகாசியில் ஒரு பகல் வீட்டுக்கு வந்தீர்கள். பக்கத்து வீட்டுச் சபுரா பீவியின் மகள் நம் பாப்பாவோடு விளையாடிக்கொண்டிருந்தாள். அவள் போனதும், "இதுகளை இனி ஊட்டுக்குள்ள உடாத" என்றீர்கள். வீட்டில் என்னைத் தவிர யார் இருந்தார்கள்? யாருக்காக நடித்தீர்கள்? பாப்பா பிறந்தபோது நீங்கள் டூட்டியில் இருந்தீர்கள். என் கையைப் பிடித்துக்கொண்டிருந்தவள் சபுரா. அன்றைக்கு மாமா, அன்றைக்குத்தான் படத்தைக் கழற்றினேன்.

இப்போது திருப்பூரில் அவள் தம்பி கியாசுதீனின் பனியன் கடையில் கல் விழுந்திருக்கிறது. அவருக்கு நெற்றியில் தையல். அந்தக் கும்பலில் நீங்களும் நின்றிருப்பீர்கள். உங்கள் கையில் கல் இருந்ததா? எறிந்தீர்களா, எறிவது போல் காட்டினீர்களா? சபுரா கேட்டால் நான் என்ன சொல்வது?

அந்தக் கும்பலுக்கு உங்கள் மேல் சந்தேகம் வந்துவிட்டது. இனி ஒரு நாளும் அங்கே தங்க வேண்டாம். இதைத் தபாலில் போடப் பயமாக இருக்கிறது. தம்பியைப் பார்க்க நாளை சபுராதான் திருப்பூர் போகிறாள். உங்கள் இன்ஸ்பெக்டர் வீட்டம்மாவிடம் ஒரு கடிதம் கொடுக்க வேண்டும் என்றேன்; அவர் வழியாக இது உங்கள் கைக்கு வரும். "குடு கண்ணு, பத்திரமாச் சேத்தறேன்" என்றாள்.

உங்கள் உயிரைச் சென்னிமலை முருகன் காப்பாற்றட்டும். மற்றதை நீங்கள்தான் காப்பாற்றிக்கொள்ள வேண்டும்.

வரும்போது நேராக நம் வீட்டுக்கு வராதீர்கள். முதலில் சபுரா வீட்டில் உட்கார்ந்து, அவள் கையால் ஒரு வாய் சோறு வாங்கிச் சாப்பிடுங்கள். நான் ஜன்னலில் நின்று பார்த்துக்கொண்டிருப்பேன். சாப்பிட்டு எழுந்தீர்களானால் கதவைத் திறக்கிறேன்.

பாப்பாவின் அம்மா,
சாரதாமணி