மேயர் ஓடிய ரீல்

அக்டோபர் 17, 1913

நீண்ட ஆலோசனைக்குப் பிறகு இன்று ஒரு முடிவுக்கு வந்தேன்: இனித் தொப்பியை முன்பின்னாகத் திருப்பிப் போடுவது. பெருநகரக் கேமராக்காரர்கள் அப்படித்தான் போடுகிறார்கள். இந்த ஒஹையோ ஊரில் நானே முதல்வன். தேதியைப் பிற்காலத்தவர் குறித்துக்கொள்ளலாம்.

செய்திப்பட முதலாளி டங்கல் அசரவில்லை. "தொப்பி கெடக்கட்டும், வெண்டெல். நாளைக்குப் போர் நினைவுத் தூண் ஊர்வலம். அதையும் சொதப்பினே, திங்கக்கிழமையே பழையபடி கொழந்தைங்களை போட்டோ எடுக்கப் போயிடு."

ஆறு வருடம் பார்த்த வேலை. ஒரு குழந்தையும் சிரித்ததில்லை.

அக்டோபர் 18

எடுத்தாயிற்று. ஊர்வலத்தின் முன்னால் மேயர் ப்ரூயிட், எழுபத்து நான்கு வயது, தடியூன்றி. மறுபடி தேர்தலில் நிற்கிறார். எதிர்த்து நிற்கும் ஹார்மன் போகிற இடமெல்லாம் சொல்வது ஒன்றுதான்: "பெரியவருக்குத் தெருவைத் தாண்டவே அரை நாள் ஆவுது. ஊரை எப்படி நடத்துவாரு?"

அக்டோபர் 20

தொலைந்தேன். கழுவிய ரீலை ஓட்டிப் பார்த்தால் எல்லாரும் ஓடுகிறார்கள்!

கேமராவின் கைப்பிடியை நொடிக்கு இரண்டு சுற்று சுற்ற வேண்டும். கணக்குத் தப்பாமலிருக்க மனத்துக்குள் ஒரு துள்ளல் பாட்டுப் பாடிக்கொள்வேன். சனிக்கிழமை பேண்டுக்காரர்கள் இறந்த வீரர்களுக்காக மெதுவான இரங்கல் இசை வாசித்தார்கள். என் பாட்டு எங்கே போச்சு? கை அவங்க பின்னாலயே போயிடுச்சே! மெதுவாகச் சுற்றினால் நொடிக்கு விழும் படங்கள் குறையும், வழக்கமான வேகத்தில் ஓட்டும்போது திரையில் எல்லாம் பறக்கும் — இதுகூடவா தெரியாது எனக்கு?

டங்கலிடம் சொல்லவில்லை. ரீலை அப்படியே டப்பாவில் போட்டுக் கொடுத்துவிட்டேன்.

அக்டோபர் 24

அரங்கில் இடமில்லை. திரையில் மேயர் வந்தார். வந்தார் என்றால் — பாய்ந்தார். தடி தரையில் பட நேரமில்லை.

முன்வரிசையில் ஒரு பெண்மணி: "கிழவருக்கு என்ன வேகம் பாருங்கடி! எங்க வீட்டு ஆளு ஐம்பதுலயே மாடிப்படிக்கு மூச்சு வாங்குது."

ஒரே கைதட்டல். பாதிப் பேர் சனிக்கிழமை அதே தெருவோரம் நின்று மேயரை நேரில் பார்த்தவர்கள். அவர்களும் எழுந்து நின்று தட்டினார்கள்.

ஹார்மன் துள்ளி எழுந்தார். "பொய்! அவரு இப்படி நடக்கவே இல்லை!"

பின்வரிசையிலிருந்து ஒரு குரல்: "கேமரா பொய் சொல்லுமாய்யா? உக்காரு, மறைக்குது."

டங்கல் ரீலை மறுபடி ஓட்டச் சொன்னார். மூன்று முறை.

அக்டோபர் 29

பக்கத்து ஊர்கள் நான்கிலிருந்து ரீலுக்குப் பிரதி கேட்டு எழுதியிருக்கிறார்கள். இதுவரை வெறும் வெண்டெலாக இருந்த என்னை டங்கல் இன்று குடும்பப் பெயர் சொல்லி "மிஸ்டர் ஓக்ஸ்" என்றார்.

நவம்பர் 5

ப்ரூயிட் வென்றார். 611 வாக்கு வித்தியாசம்.

ஜனவரி 1, 1914

பதவியேற்பு. நிரந்தர வேலைக் கடிதம் என் சட்டைப் பையில். நகர மன்றத்துக்குப் பதினான்கு படிகள். மேயரை நாற்காலியோடு நான்கு பேர் தூக்கிச் சென்றார்கள்.