வெட்டாமல் விட்டது

அன்புள்ள அப்பாவுக்கு,

உங்க முழங்கால் வலி தேவலையா? அம்மா மாத்திரையை நேரத்துக்குப் போடுறாங்களா? நான் நல்லா இருக்கேன். இந்த வாரம் ரொம்பவே நல்லா இருக்கேன்.

ஃபோகஸ் தப்பிடுச்சுன்னு மூணு வருஷம் முன்னாடி, கேமரா அசிஸ்டென்டா இருந்த என்னை யூனிட்டை விட்டே துரத்தினாரே ஒரு கேமராமேன், அவர் எடுத்த படம் இப்போ என் எடிட்டிங் மேசைக்கு வந்திருக்கு. செவ்வாய்க்கிழமை டைரக்டரோட வந்து உட்கார்ந்தார். முக்கியமான ஷாட் ஒண்ணு மங்கலா இருந்துச்சு. "அசிஸ்டென்ட் பொண்ணு சொதப்பிட்டா"ன்னார். அன்னைக்கு என்னைச் சொன்ன அதே குரல்.

'ஆக்‌ஷன்' சொல்றதுக்கு முன்னாடி பேசுற பேச்சை எல்லாம் வெட்டிட்டுத்தான் நாங்க போட்டுக் காட்டுவோம். மைக் அதையும் பதிவு பண்ணியிருக்கும்னு கேமராக்காரங்களுக்கு ஞாபகமே இருக்காது. அந்த ஷாட்டுல நான் வெட்டல. சத்தத்தைக் கூட்டி வச்சுப் போட்டேன். "நீ தள்ளு, ஃபோகஸை நானே பாத்துக்கறேன்"னு அவர் குரல் ரூம் முழுக்கக் கேட்டுச்சு. "சரியாக் கேட்டுச்சா சார்?"னு பணிவா இன்னொரு தடவையும் போட்டேன். அவர் முகம் செத்துப்போச்சு. எனக்குப் பாவமாவே இல்லப்பா.

இந்த ரூம்ல ஏசி குளிர் தாங்கல. உங்க பழைய போர்வையை அனுப்புங்க. துவைக்க வேண்டாம்.

டைரக்டர் கூப்பிடுறார், முடிக்கிறேன். அன்னைக்கு நான் அழுதுக்கிட்டே போன் பண்ணப்போ, "உன் மேல தப்பு இல்லாமலா சொல்லுவாங்க"ன்னு கேட்டீங்க. அந்தப் பேச்சையும் மூணு வருஷமா நான் வெட்டாமத்தான் வச்சிருக்கேன்.

உங்க மகள்