வெடிச்சத்தமும் தம்பியின் காதும்

மார்ச் 4
வெடிச்சத்தம் இன்றும் தேறவில்லை. பழைய ஆர்கேட் வீடியோ கேம் பெட்டியின் சவுண்ட் சிப் செய்ததையெல்லாம் கம்ப்யூட்டர் அப்படியே செய்ய வேண்டும். எங்களிடம் இருந்த, அந்தச் சிப் பதித்த அசல் போர்டு கருகிவிட்டது, அளந்து பார்க்க வழியில்லை. அந்த ஆட்டத்தை ஆடியே வளர்ந்த தம்பியின் காதுதான் எனக்கு அளவுகோல். ஹெட்போனைக் கழற்றிவிட்டுக் கேட்டான்: "அக்கா, கப்பல் வெடிக்குதா, இல்ல யாராச்சும் தலையணைய தட்டுறாங்களா?"

சத்தத்தின் கூர்மையை இன்னும் கொஞ்சம் ஏற்றினேன். போன மாதமும் ஏற்றினேன். அதற்கு முன்பும்.

மார்ச் 9
"இப்ப பரவால்ல" என்றான். அவன் வாயில் அது வருவதே அபூர்வம். இணையத்தில் வெளியிட்டுவிட்டேன்.

மார்ச் 15
இறக்கிப் பார்த்த ஒருவர் எழுதியிருக்கிறார்: "தகரத்த அறுக்குற மாதிரி இருக்கு. காதுல ரத்தம் வராத குறை." தம்பியிடம் காட்டினேன். "அந்தாளுக்குக் காது செவிடு" என்று சிரித்தான். நானும் சிரித்தேன்.

மார்ச் 22
அதே ஆள், தன்னிடம் ஓடுகிற போர்டிலிருந்து நேராகப் பதிவு செய்து அனுப்பியிருக்கிறார். ஒப்பிட்டேன். நான் முதன்முதலில் எழுதிய வடிவம் அச்சு அசலாகப் பொருந்துகிறது. அன்று தம்பியும் "அதேதான்க்கா!" என்று குதித்தானே. பிறகு ஏன் மாற்றச் சொன்னான்?

பழைய திருத்தங்களைப் பார்த்தேன். ஒவ்வொன்றிலும் கூர்மை மேலே, இன்னும் மேலே. சிப் மாறாது. அப்படியென்றால் — ஐயோ. இவ்வளவு படிச்சு என்ன, பக்கத்துலயே உக்காந்திருந்தும் உறைக்கலையே எனக்கு.

மார்ச் 23
தம்பி மனைவியிடம் போனில் கேட்டேன். "டிவி சத்தத்துக்குப் பக்கத்து வீட்டுல சண்டைக்கே வந்துட்டாங்க அண்ணி. காதக் காட்டுங்கன்னா, நீதான் முணுமுணுக்கறேன்னு என்னத் திட்டுறாரு."

ஏப்ரல் 2
காது டாக்டர் சொன்னது: நரம்பு தேய்ந்துகொண்டே போகிறது. போனது வராது. இருப்பதும் நிற்காது.

படியிறங்கும்போது தம்பி கேட்டான்: "அப்ப நான் சொன்னதெல்லாம் தப்பாக்கா?"

இல்லை என்றேன். என் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தான்.

மே 11
முதல் வடிவத்தையே மறுபடி வெளியிட்டேன். எல்லோரும் பாராட்டுகிறார்கள். எடுத்துப் போய் யாரிடம் காட்ட?

டிசம்பர் 6
தம்பி வந்திருந்தான். "சரியான சத்தத்த ஒரே ஒரு தடவ கேட்டுடுறேன்க்கா" என்று நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். ஸ்பீக்கரை முழுதாகத் திருகிவிட்டு ஓட்டினேன். கப்பல்கள் ஒன்றன்பின் ஒன்றாக வெடித்தன. ஜன்னலில் இருந்த புறா பறந்தே போய்விட்டது. அவன் கண்ணை மூடிக்கொண்டு காத்திருந்தான்.

"போடேன்க்கா" என்றான்.

நிறுத்தினேன். அவன் கையைத் தட்டி, ஒயர் கழன்றிருப்பதாக ஜாடை காட்டினேன்.